ஒரு பஸ்ஸின் தாமதம், நான்கு பஸ்களின் கணக்கு

காலை 7 மணிக்கு மேல் சிங்கப்பூரில் எந்த வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) பேட்டையின் பஸ் நிறுத்தத்தில் நின்றாலும் இந்தக் காட்சி கண்ணில் படும். கால் மணி நேரமாக வராத பஸ் ஒருவழியாக வருகிறது. அதே எண்ணில் இன்னொன்றும் அதன் வாலைப் பிடித்தபடி வருகிறது. முதல் பஸ்ஸில் முன்கதவை ஒட்டியே ஆள் நிற்கிறார். ஓட்டுநர் "உள்ளே போங்க, உள்ளே போங்க" என்று தெரிந்த மொழியிலெல்லாம் சொல்லிப் பார்க்கிறார். பின்னால் வந்த பஸ்ஸின் மேல்தளத்தில் நான்கு பேர். நிறுத்தத்தில் நிற்பவர்கள் முணுமுணுப்பது ஒன்றைத்தான்: "ரெண்டு பேரும் பேசி வெச்சுக்கிட்டு வர்றாங்களா?"

பேசி வைத்துக்கொள்ளவில்லை. யாருமே தவறு செய்யாத நாளிலும் இது நடக்கும். கட்டுப்பாட்டு அறையில் புதிதாக வந்து உட்காருபவர், முதல் சில வாரங்கள் எந்த ஓட்டுநர் மெதுவாக ஓட்டுகிறார் என்று தேடிக்கொண்டிருப்பார். அந்தத் தேடல் பெரும்பாலும் வீண். ஆளைப் பார்ப்பதை விட்டுவிட்டு இடைவெளியைப் பார்க்கத் தொடங்கிய பிறகுதான் இந்த வேலை பிடிபடும். புதிதாகக் கட்டுப்பாட்டு மேசைக்கு வருபவர்களுக்கும், தனக்கு ஏன் "நில்லுங்கள்" என்று செய்தி வருகிறது என்று தெரிந்துகொள்ள விரும்பும் ஓட்டுநர்களுக்கும் இங்கே எழுதியிருப்பது பயன்படும்.

சிறு தாமதம் எப்படிக் குட்டி போடுகிறது

8 நிமிடத்துக்கு ஒரு பஸ் என்று வைத்துக்கொள்வோம். ஒரு நிறுத்தத்துக்கு நிமிடத்துக்குச் சராசரியாக ஒன்றரைப் பேர் வந்து சேர்கிறார்கள். ஒருவர் ஏறி, அட்டையைத் தட்டி, உள்ளே நகர 3 விநாடி. அப்படியானால் பஸ் 1 நிமிடம் தாமதமாக வந்தால் அந்த நிறுத்தத்தில் கூடுதலாக ஒன்றரைப் பேர் நிற்பார்கள். அவர்களை ஏற்ற 4.5 விநாடி கூடும். 4.5 விநாடிதானே என்று தோன்றும். ஆனால் அடுத்த நிறுத்தத்துக்கு அந்த பஸ் 1 நிமிடம் 4.5 விநாடி தாமதமாகப் போகிறது, அங்கே இன்னும் சற்று அதிகம் பேர் நிற்கிறார்கள். ஒவ்வொரு நிறுத்தத்திலும் தாமதம் 1.075 மடங்காகிறது. இது கூட்டுவட்டிக் கணக்கு. 10 நிறுத்தத்தில் 1 நிமிடம் 2 நிமிடமாகிறது. 20 நிறுத்தத்தில் 4 நிமிடத்தைத் தாண்டுகிறது.

பின்னால் வரும் பஸ்ஸுக்கு இதே சுழல் தலைகீழாகச் சுற்றுகிறது. அதன் முன்னிருக்கும் இடைவெளி சுருங்கிவிட்டது, நிறுத்தத்தில் ஆளில்லை, சீக்கிரம் புறப்படுகிறது, இடைவெளி இன்னும் சுருங்குகிறது. தாமதமான பஸ் மேலும் தாமதமாகிறது, வேகமான பஸ் மேலும் வேகமாகிறது. இரண்டும் ஒட்டிக்கொண்ட பிறகு தானாகப் பிரியவே பிரியாது.

1964-ஆம் ஆண்டிலேயே நியூவெல், பாட்ஸ் என்ற இரண்டு அறிஞர்கள் இதைக் கணிதமாக எழுதிக் காட்டிவிட்டார்கள். சம இடைவெளியில் ஓடும் பஸ் வரிசை சுற்றாத பம்பரத்தை ஆணியில் நிறுத்தியது மாதிரி. எந்தப் பக்கம் லேசாகத் தட்டினாலும் அந்தப் பக்கமே சாயும். கை எப்போதும் பக்கத்தில் இருக்க வேண்டும்.

தட்டுவது எது? பெரும்பாலும் அற்பக் காரணங்கள். ஒரு சிவப்பு விளக்கு: பெரிய சந்திகளில் ஒரு சுற்று 2 நிமிடத்தை எட்டும், 5 விநாடியில் பச்சையைத் தவறவிட்ட பஸ் அந்தச் சுற்றின் பெரும்பகுதியை இழக்கிறது. எம்ஆர்டி நிலைய வாசலில் ரயிலில் வந்திறங்கிய கூட்டம் ஒரே மூச்சில் நிறுத்தத்துக்கு வருவது. பள்ளி விடும் நேரம். மதிய மழை: வழக்கமாக நடந்து போகிறவர்களும் இரண்டு நிறுத்தத்துக்காக ஏறுவார்கள், குடையை மடக்கிக்கொண்டு ஏறுவதால் ஒருவருக்கு 3 விநாடி 5 விநாடியாகும். சக்கர நாற்காலிப் பயணி: ஓட்டுநர் இறங்கி, சாய்தளத்தை விரித்து, பயணியை உள்ளே அமர்த்தி, மடித்து, திரும்ப உட்கார 2 நிமிடம். இந்தக் கடைசிக் காரணத்தைப் பற்றி மட்டும் கறாராக ஒன்று சொல்ல வேண்டும். அது இடையூறு அல்ல. சேவையின் ஒரு பகுதி. நாற்காலியில் காத்திருப்பவரைப் பார்த்து ஓட்டுநர் பெருமூச்சு விடுகிறார் என்றால், அவருக்குக் கொடுத்த கால அட்டவணையில் அந்த 2 நிமிடத்துக்கு இடம் வைக்காதவர்கள் மேல்தான் தவறு.

எவ்வளவு விலகினால் கவலைப்படுவது

16 நிமிடத்தில் இரண்டு பஸ். சரியாக 8, 8 என்று வந்தால் சராசரிக் காத்திருப்பு 4 நிமிடம். 10, 6 என்று வந்தால் 4.25. 12, 4 என்றால் 5. 14, 2 என்றால் 6.25. இரண்டும் ஒட்டி வந்தால் 8 நிமிடம், அதாவது ஒரு பஸ்ஸை ரத்து செய்ததற்குச் சமம். கணக்கு எளிது: ஒவ்வொரு இடைவெளியையும் அதனாலேயே பெருக்கி, எல்லாவற்றையும் கூட்டி, மொத்த நேரத்தின் இரு மடங்கால் வகுக்க வேண்டும். நீண்ட இடைவெளியில் அதிகம் பேர் மாட்டிக்கொள்கிறார்கள், ஒவ்வொருவரும் அதிக நேரமும் நிற்கிறார்கள் என்பதால்தான் பெருக்கல் வருகிறது.

இந்த ஐந்து எண்களையும் மேசையில் ஒட்டி வைப்பது நல்லது. 10, 6 என்ற நிலையில் இழப்பு கால் நிமிடம்தான். அதைத் திருத்த ஓட்டுநரைத் தொந்தரவு செய்யத் தேவையில்லை. 8 நிமிடச் சேவையில் 2 நிமிட விலகல்வரை கையைக் கட்டிக்கொண்டு பார்க்கலாம். 3 நிமிடம் என்றால் விரலை வைக்க வேண்டும். 4 நிமிடத்துக்கு மேல் பார்த்துக்கொண்டிருப்பது குற்றம். புதியவர்கள் இதைத் தலைகீழாகச் செய்வார்கள்: 1 நிமிட விலகலுக்கெல்லாம் செய்தி அனுப்பி ஓட்டுநர்களை அலுக்க வைத்துவிட்டு, உண்மையான 4 நிமிடம் வரும்போது அந்தச் செய்தியையும் அவர்கள் பத்தோடு பதினொன்றாகக் கடந்துவிடும்படி செய்வார்கள்.

காத்திருப்பை இப்படி அளப்பதற்குக் கூடுதல் காத்திருப்பு நேரம் என்று பெயர். உண்மைக் காத்திருப்பிலிருந்து அட்டவணைப்படியான காத்திருப்பைக் கழித்தால் கிடைப்பது. லண்டனில் முன்பே இருந்த முறை. இங்கே நிலப் போக்குவரத்து ஆணையம் 2014-இல் சில சேவைகளில் இதை வைத்து ஊக்கத்தொகையும் அபராதமும் முயன்றது. 2016-இல் குத்தகை முறை வந்தது. கட்டண வருமானம் அரசுக்கு, நடத்துநர் நிறுவனத்துக்குச் சேவைக் கட்டணம். பஸ்ஸை நிரப்புவதைவிட இடைவெளியைக் காப்பதற்கு மதிப்பு வந்தது இந்த மாற்றங்களோடுதான்.

பின்தங்கியவரை விரட்டாதீர்கள்

பஸ் தாமதமானால் எல்லாருக்கும் முதலில் தோன்றுவது தாமதமான ஓட்டுநரைத் துரிதப்படுத்துவது. அது நடக்காது. அவர் பஸ்ஸில்தான் கூட்டம், அவருக்குத்தான் எல்லா நிறுத்தத்திலும் ஆள். விரட்டினால் மஞ்சள் விளக்கைத் துரத்துவார், ஓடிவரும் பாட்டி வந்து சேருமுன் கதவை மூடுவார், பிரேக் அடிக்கும்போது நிற்பவர்கள் விழுவார்கள். பஸ்ஸை மெதுவாக்கத்தான் நம்மால் முடியும். ஆகவே கைவைக்க வேண்டியது தாமதமான பஸ்ஸில் அல்ல, அதற்கு முன்னும் பின்னும் போகிற பஸ்களில்.

வாய்ப்பாடு இதுதான்: ஒரு பஸ்ஸின் பின் இடைவெளியிலிருந்து முன் இடைவெளியைக் கழித்து, பாதியாக்கினால் அந்த பஸ்ஸை நிறுத்த வேண்டிய நேரம் கிடைக்கும். விடை எதிர்மறையாக வந்தால் அந்த பஸ்ஸை விட்டுவிட வேண்டும். 3 நிமிடத்துக்கு மேல் வந்தாலும் 3 நிமிடத்தோடு நிறுத்திக்கொள்ள வேண்டும்.

ஒரு காலைப் பொழுதை எடுத்துப் பார்ப்போம். அ, ஆ, இ, ஈ என நான்கு பஸ்கள், 8 நிமிட இடைவெளி. ஆ பஸ்ஸில் 7.10-க்குச் சாய்தளம் விரிக்க 2 நிமிடம் ஆகிறது. அதனால் ஒரு பெரிய சந்தியில் பச்சை தவறி இன்னும் 2 நிமிடம். இப்போது இடைவெளிகள்: அ-வுக்கு முன் 8, அ-ஆ 12, ஆ-இ 4, இ-ஈ 8. திரையில் அ, ஆ இரண்டுக்கும் நடுவே கோடு நீண்டிருக்கிறது. ஆனால் இன்னும் எந்த பஸ்ஸும் சிவப்பாகவில்லை. இந்த நேரத்தில்தான் வேலை. வாய்ப்பாட்டின்படி அ 2 நிமிடம் நிற்க வேண்டும், இ 2 நிமிடம் நிற்க வேண்டும். நின்றால் இடைவெளிகள் 10, 10, 6, 6. சராசரிக் காத்திருப்பு 4.25.

கவனிக்காமல் ஐந்து நிறுத்தம் போக விட்டால் 4 நிமிடம் ஏறக்குறைய 6 ஆகியிருக்கும். இடைவெளிகள் 8, 14, 2, 8, காத்திருப்பு 5.1. இப்போது அ-வும் இ-யும் தலா 3 நிமிடம் நிற்க வேண்டும், நின்றாலும் கிடைப்பது 11, 11, 5, 5, காத்திருப்பு 4.6. அதிக நேரம் நிறுத்திக் குறைந்த பலன். ஐந்து நிறுத்தம் முன்னால் செய்திருந்தால் இரண்டுமே மேலாக இருந்திருக்கும்.

நிறுத்துவதற்கும் விலை உண்டு, அதையும் கூட்டிக் கழிக்க வேண்டும். அ பஸ்ஸுக்குள் 50 பேர் என்றால் 3 நிமிடம் நிறுத்துவது 150 ஆள்-நிமிடம். இ பஸ்ஸில் 15 பேர்தான், 45 ஆள்-நிமிடம். மொத்தம் 195. மறுபக்கம், இன்னும் 20 நிறுத்தம் பாக்கி என்றால் அந்த 32 நிமிடத்தில் வந்து நிற்கப்போகிறவர்கள் 960 பேர். ஒவ்வொருவருக்கும் அரை நிமிடத்துக்குச் சற்று மேல் மிச்சம். மொத்தம் 540 ஆள்-நிமிடம். தாராளமாக நிறுத்தலாம். 8 நிறுத்தம்தான் பாக்கி என்றால் மிச்சம் 216-தான். 195-க்கும் 216-க்கும் நடுவே சண்டை போடுவதில் பயனில்லை. வழித்தடத்தின் முதல் பாதியில் துணிந்து நிறுத்தலாம், கடைசி மூன்றில் ஒரு பங்கில் கைவைக்க வேண்டாம் என்று அனுபவசாலிகள் சொல்வது இந்தக் கணக்கைத்தான். இ பஸ்ஸை நிறுத்துவது எப்போதும் மலிவு என்பதையும் கவனியுங்கள். அதில்தான் ஆள் குறைவு. ஆனால் பழக்கத்தில் எல்லாரும் அதை மறந்துவிடுகிறார்கள். இ அட்டவணைப்படி சரியான நேரத்தில் ஓடிக்கொண்டிருக்கும், திரையில் பச்சையாக இருக்கும், அதனால் கண் அதன்மேல் நிற்பதில்லை.

எங்கே நிறுத்துவது, எப்படி நிறுத்துவது

ஒரே பஸ் நிற்க மட்டும் இடமுள்ள நிறுத்தத்தில் நிறுத்தினால் பின்னால் வரும் நான்கு சேவைகள் மாட்டிக்கொள்ளும். ஒன்றைத் திருத்தப் போய் நான்கைக் கெடுத்த கதை. உள்வாங்கிய தளமும், இரண்டு மூன்று பஸ்ஸுக்கு இடமும் உள்ள நிறுத்தங்களை முன்கூட்டியே குறித்து வைத்திருக்க வேண்டும். எம்ஆர்டி நிலையத்தை ஒட்டியவை நல்லவை, நிற்கிற 2 நிமிடத்திலும் ஆள் வந்து ஏறிக்கொண்டே இருப்பார்கள். கதவைத் திறந்து வைப்பதா மூடுவதா என்று கேட்பார்கள். திறந்தே இருக்கட்டும். மூடிய கதவுக்கு வெளியே ஒருவர் தட்டிக்கொண்டு நிற்பதைவிடக் குளிர்காற்று கொஞ்சம் போவது பரவாயில்லை. "இடைவெளியைச் சரிசெய்ய 2 நிமிடம் நிற்கிறோம்" என்று ஓட்டுநர் ஒரு வரி சொன்னால் பெரும்பாலானோர் கைப்பேசிக்குத் திரும்பிவிடுவார்கள். சொல்லாமல் நின்றால் 40-ஆவது விநாடியிலேயே தலைகள் நிமிரத் தொடங்கும்.

அதைவிட நல்லது, 2 நிமிடத்தை நான்கு நிறுத்தங்களுக்கு அரை அரை நிமிடமாகப் பிரிப்பது. அல்லது வேகத்தைச் சற்றுத் தணித்து ஓட்டுவது. பயணிகளுக்கு நின்றதே தெரியாது. ஆனால் இதற்கு ஓட்டுநருக்கு இடைவெளி தெரிய வேண்டும். இங்குள்ள பஸ்களில் ஓட்டுநரின் பக்கத்தில் இருக்கும் சிறு திரை அதற்கு உதவும். பழகிய ஓட்டுநர், அறையிலிருந்து செய்தி வருமுன்பே காலைத் தளர்த்தியிருப்பார். அப்படிப்பட்டவருக்கு மேலும் ஒரு செய்தி அனுப்புவது கெடுதல்.

இங்கேதான் இந்த வேலையின் மிகப் பெரிய பொறி இருக்கிறது: தாமதமாக வரும் தகவல். பஸ் இருக்கும் இடம் திரையில் தெரிவதற்குள் பஸ் நகர்ந்துவிடுகிறது. செய்தி அனுப்பினால், ஓட்டும்போது அவர் அதைப் படிக்கக் கூடாது. அடுத்த நிறுத்தத்தில்தான் பார்ப்பார். அதற்கடுத்த நிறுத்தத்தில்தான் செய்வார். விளைவு திரையில் தெரிய மேலும் ஒன்றிரண்டு நிறுத்தம். ஆக மொத்தம் மூன்று நான்கு நிறுத்தம். பொறுமையில்லாதவர் இரண்டாவது நிறுத்தத்திலேயே "ஒன்றும் ஆகவில்லையே" என்று இன்னொரு 2 நிமிடம் நிறுத்தச் சொல்வார். இரண்டும் சேர்ந்து பலிக்கும்போது அ பஸ் தாமதமாகி, அதன் முன்னால் புதுப் பள்ளம், அதாவது நீண்ட இடைவெளி, விழும். அதைச் சரிசெய்ய அதற்கு முன் பஸ்ஸை நிறுத்துவார். அரை மணி நேரத்தில் வழித்தடம் முழுவதும் ஊஞ்சலாடும். ஒரு பஸ்ஸுக்கு ஒரு கட்டளை கொடுத்தால் நான்கு நிறுத்தம் கழியும்வரை அடுத்தது கிடையாது. கட்டளை கொடுப்பவரும் ஒருவராகவே இருக்க வேண்டும். பஸ்கள் புறப்படும் இன்டர்சேஞ்சில் இருப்பவரும் கட்டுப்பாட்டு அறையில் இருப்பவரும் ஒரே பஸ்ஸைத் தனித்தனியாக நிறுத்திய நாட்களில் இப்படித்தான் ஆகும்.

ஒட்டிக்கொண்ட பிறகு

இரண்டும் ஒரே நிறுத்தத்தில் நிற்கும் நிலை வந்துவிட்டால் காலியான பஸ்ஸை முன்னே அனுப்புவதுதான் முதல் மருந்து. நிறைந்த பஸ் இறக்க வேண்டியவர்களை இறக்கிக்கொண்டு பின்னால் வரட்டும். காலி பஸ் அடுத்த ஐந்தாறு நிறுத்தங்களில் ஆளை ஏற்றிக்கொள்ளும். இதில் இரண்டு ஓட்டுநருக்கும் ஒரே நேரத்தில் தெரிய வேண்டும். ஒருவருக்கு மட்டும் சொன்னால் இருவரும் ஒரே நிறுத்தத்தில் மாறி மாறி முந்திக்கொண்டிருப்பார்கள்.

"இறக்க மட்டும்" என்று ஓட்டுவது அதற்கடுத்தது. பின்னால் அதே சேவை 2 நிமிடத்துக்குள் வருகிறது என்று உறுதியாகத் தெரிந்தால் மட்டும். கை காட்டியவரைத் தாண்டிப் போன பஸ்ஸுக்குப் பின் 9 நிமிடம் ஒன்றும் வரவில்லை என்றால், அவர் இனிமேல் சாலைக்குள் இறங்கி நின்று கை காட்டுவார். அதுவும் ஒரு சுழல்தான்.

உதிரி பஸ்ஸை இடையில் விடுவதில் வழக்கமாக நடக்கும் தவறு, தாமதமான பஸ்ஸுக்குப் பின்னால் விடுவது. பள்ளம் இருப்பது அதற்கு முன்னால். 16 நிமிடப் பள்ளம் என்றால் நடுவில், 8-ஆவது நிமிடத்தில் விட வேண்டும். ஓட்டுநர் பஸ்ஸுக்கு நடந்து வர, சுற்றிப் பார்க்க, சேவை எண்ணைப் பதிவு செய்ய, வெளியே வர என்று 6 நிமிடமாவது போகும். ஆகவே பள்ளம் 12-ஐத் தொடும்போதே கேட்டுவிட வேண்டும். 16 ஆகட்டும் என்று காத்திருந்தால் உதிரி பஸ் வெளியே வரும்போது தாமதமான பஸ்ஸும் அதே இடத்துக்கு வந்துவிட்டிருக்கும்.

ஒரு ட்ரிப்பே விட்டுப்போகும் நாளும் உண்டு. ஓட்டுநர்களில் கணிசமானோர் மலேசியாவின் ஜோகூரிலிருந்து எல்லை தாண்டி வருபவர்கள். கடற்பாலத்தில் நெரிசல் என்றால் விடிகாலை வேலைக்கு ஒருவர் வந்துசேர முடியாமல் போகும். 8, 16, 8 என்று பள்ளத்தை அப்படியே விடாதீர்கள். முந்தைய பஸ்ஸை 2 நிமிடம் 40 விநாடி தாமதமாகவும், அடுத்த பஸ்ஸை 2 நிமிடம் 40 விநாடி முன்னதாகவும் அனுப்பினால் மூன்றும் 10 நிமிடம் 40 விநாடியாகச் சமமாகும். ஒரே நிபந்தனை: அடிக்கடி ஓடும் சேவைகளுக்கு மட்டும். 15, 20 நிமிடத்துக்கு ஒன்று ஓடும் சேவைக்கு மக்கள் நேரம் பார்த்து வருகிறார்கள். அங்கே இடைவெளியை விட்டு மணியைத்தான் காக்க வேண்டும். முன்னதாகப் புறப்படவே கூடாது. முதல் பஸ்ஸும் கடைசி பஸ்ஸும் அப்படியே.

ஓட்டுநரின் நாள்

நிறுத்தத்துக்கு நிறுத்தம் சுற்றுவது சின்னச் சுழல். அதைவிட மெதுவாக, ட்ரிப்புக்கு ட்ரிப் சுற்றும் ஒன்று இருக்கிறது. தாமதமாக இன்டர்சேஞ்சுக்கு வந்த ஓட்டுநருக்கு ஓய்வு குறைகிறது. கழிப்பறைக்குப் போய், ஒரு கோப்பி வாங்கி, அதைக் குடிக்காமலே அடுத்த ட்ரிப்புக்கு ஏறுகிறார். அல்லது ஓய்வை எடுத்துக்கொண்டு தாமதமாகப் புறப்படுகிறார். எப்படியானாலும் காலை 8 மணித் தாமதம் மதியம் 1 மணிவரை அதே பஸ்ஸோடு ஒட்டிக்கொண்டு வருகிறது. மாலையில் களைத்துப்போன ஓட்டுநரின் கை இன்னும் மெதுவாகும். இதைத் தடுப்பது இரண்டு ட்ரிப்புக்கு நடுவே விடும் மீட்பு நேரம்.

அந்த நேரத்தைச் சராசரியை வைத்துக் கணக்கிடுவதுதான் அடிப்படைப் பிழை. ஒரு ட்ரிப் சராசரியாக 60 நிமிடம், பத்தில் ஒன்று 70 நிமிடம் என்றால், 62-க்கு அட்டவணை போட்டால் தாமதம் அடுத்த ட்ரிப்புக்கு வழிந்துகொண்டே இருக்கும். பத்தில் ஒன்பது ட்ரிப் முடியும் நேரத்தை எடுத்துக்கொண்டு, அதற்கு மேல் ஓட்டுநருக்குரிய ஓய்வைத் தனியாக வைக்க வேண்டும். மீட்பு நேரமும் ஓய்வும் ஒன்றல்ல. இரண்டையும் ஒன்றாக எழுதும் அட்டவணையில் தாமத நாளில் தின்னப்படுவது எப்போதும் ஓய்வுதான்.

எதிர்ப்பக்கத்திலும் ஒரு குழி உண்டு. நேரத்தைத் தாராளமாகக் கொடுத்தால் ஓட்டுநர்கள் அதற்கேற்ப மெதுவாக ஓட்டுவார்கள், இல்லையென்றால் நடுவழியில் நிற்க நேரும். அடுத்த ஆண்டு பதிவுகளை எடுத்துப் பார்த்தால் ஓட்ட நேரம் கூடியிருக்கும். அதை வைத்து இன்னும் தாராளமாக்குவார்கள். ஆகவே கூடுதல் நேரத்தை ஓட்டத்துக்குள் தூவாமல் இரண்டு முனைகளிலும் ஒன்றிரண்டு நடு நிறுத்தங்களிலும் குவித்து வைப்பது நல்லது. ஓட்டம் ஓட்டமாகவே இருக்கும். தேவைப்படும்போது மட்டும் குவியலிலிருந்து எடுக்கலாம்.

பயணிகளும் ஆட்டக்காரர்கள்தான்

அடுத்த பஸ் எத்தனை நிமிடத்தில் வருகிறது, அதில் உட்கார இடமுண்டா, நிற்க இடமுண்டா, நெரிசலா என்று கைப்பேசியில் பச்சை, மஞ்சள், சிவப்பாகத் தெரிகிறது. பின்னால் 1 நிமிடத்தில் பச்சை வருகிறது என்று கண்டவர் சிவப்பை விட்டுவிட்டு நிற்கிறார். அப்படி ஐந்து பேர் நின்றால் முதல் பஸ்ஸுக்கு 15 விநாடி மிச்சம். கட்டுப்பாட்டு அறை செய்யும் வேலையைப் பயணிகளே செய்கிறார்கள். ஆனால் "2 நிமிடம்" என்று காட்டியது நான்கு நிமிடமாக 2-லேயே நின்றால் அடுத்த முறை யாரும் நம்ப மாட்டார்கள். வந்ததில் முண்டியடித்து ஏறுவார்கள். நிறுத்தி வைக்கும் கட்டளை இந்த எண்களைக் குலைக்கும் என்பதும் சிறு சிறு நிறுத்தங்களாகப் பிரிக்கச் சொல்வதற்கு இன்னொரு காரணம்.

ஞாயிறு மாலை சிராங்கூன் ரோட்டில் தேக்கா நிலையத்துக்கு அருகே நின்று பார்த்தால் மேலே சொன்ன கணக்கு எவ்வளவு வேகமாகச் சுற்றும் என்பது விளங்கும். வாரத்துக்கு ஒரு நாள் கிடைத்த விடுமுறையில் காய்கறியும் அரிசிப் பையும் வாங்கிக்கொண்டு திரும்பும் ஊழியர்கள், குழந்தைகளோடு வந்த குடும்பங்கள். நிமிடத்துக்கு 3 பேர் வருகிறார்கள், பையோடு ஏற ஒருவருக்கு 5 விநாடி என்று கொண்டால், 1 நிமிடத் தாமதத்துக்கு 15 விநாடி கூடுகிறது. பெருக்கம் 1.075 அல்ல, 1.25. நான்கே நிறுத்தத்தில் 1 நிமிடம் ஏறக்குறைய இரண்டரை நிமிடம். இங்கே அறையிலிருந்து அனுப்பும் கட்டளை போய்ச் சேருமுன் காரியம் முடிந்துவிடும். நிறுத்தத்திலேயே ஒரு ஊழியர் நின்று, வரிசைப்படுத்தி, "அண்ணே, பின்னாடி வர்றது காலி, அதுல ஏறுங்க" என்று தமிழிலும் வங்காளத்திலும் சொன்னால் அது இரண்டு உதிரி பஸ்ஸுக்குச் சமம். தீபாவளிக்கு முந்தைய வாரங்களில் இதே நிலை தினமும் மாலை வரும்.

தைப்பூசத்தன்று ஸ்ரீ சீனிவாசப் பெருமாள் கோயிலிலிருந்து டேங்க் ரோடு ஸ்ரீ தெண்டாயுதபாணி கோயில்வரை காவடிகள் போகும் வரிசையைப் பார்த்தவர்கள், அங்கும் இடைவெளி சுருங்குவதும் நீள்வதும் ஒன்றுதானே என்பார்கள். ஒன்றல்ல. ஊர்வலத்தில் முன்னவர் நின்றால் பின்னவர் நிற்கிறார். நிற்றல் பின்னோக்கி அலையாக ஓடுகிறது. பஸ் வரிசையைப் போலத் தாமதத்தைப் பெருக்கும் சுமை அங்கே இல்லை. ஆகவே அங்கே மருந்து, முன்னால் அடைப்பை நீக்குவதும் தொடக்கத்தில் அனுப்பும் வேகத்தைக் குறைப்பதும். நடுவில் யாரையும் பிடித்து நிறுத்தினால் அலைதான் பெரிதாகும். தாமதம் எந்தப் பக்கம் ஓடுகிறது, ஓடும்போது வளர்கிறதா தேய்கிறதா என்று பார்க்காமல் ஓரிடத்து மருந்தை இன்னோரிடத்தில் கொடுக்கக் கூடாது.

அளவுகோல் இருக்கும் இடத்தில் மட்டும் ஒழுங்கு

இடைவெளியை வழித்தடத்தின் குறிப்பிட்ட சில நிறுத்தங்களில் மட்டும் அளந்தால், அந்த நிறுத்தங்களில் மட்டும் இடைவெளி அழகாக இருக்கும். அளக்கும் நிறுத்தத்துக்கு முன்னால் பஸ்ஸை நிறுத்தி வைத்துச் சரிசெய்துவிட்டு, தாண்டிய பிறகு விட்டுவிடும் பழக்கம் மெல்ல வளரும். யாரும் ஏமாற்ற நினைப்பதில்லை. எண் கேட்கப்படும் இடத்துக்குக் கண் தானாகப் போகிறது. உள்ளே பார்ப்பதற்காவது எல்லா நிறுத்தத்தின் பதிவையும் எடுத்து, அளக்காத நிறுத்தங்களின் காத்திருப்பை அளக்கும் நிறுத்தங்களோடு மாதம் ஒரு முறை ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். இரண்டுக்கும் ஒரு நிமிடத்துக்கு மேல் வித்தியாசம் வந்தால் நிறுத்தும் இடங்களை மாற்ற வேண்டிய நேரம்.

பணிமாற்றக் குறிப்பைப் பற்றி ஒரு வார்த்தை. "காலை நெரிசல், சரிசெய்யப்பட்டது" என்று எழுதினால் மாலையில் வருபவருக்கு ஒன்றும் தெரியாது. நேரம், எந்த பஸ், முன் இடைவெளி, பின் இடைவெளி, கொடுத்த கட்டளை, நான்கு நிறுத்தம் கழித்து இருந்த இடைவெளி. இந்த ஆறும் போதும், ஒரே வரியில் அடங்கும்: "7.16, அ, முன் 8, பின் 12, 2 நிமிடம் நிற்கச் சொன்னது, 7.27-க்கு முன் 10, பின் 10." கட்டளை பலிக்காத வரிகளைத்தான் முதலில் படிக்க வேண்டும். ஒரே நிறுத்தத்தில் மூன்று முறை பலிக்கவில்லை என்றால் நேரில் போய்ப் பாருங்கள். பெரும்பாலும் அந்த நிறுத்தத்தில் வேறொரு சேவையின் பஸ் ஓய்வுக்கு நின்றுகொண்டிருக்கும், நம் ஓட்டுநருக்கு நிற்க இடமே இருந்திருக்காது.